லூர்து சின்னம்மாவை அச்சிட்ட நாட்கள்

போன மாதம் ஒரு பெண் என் வீட்டுக்கு வந்தாள். ஈப்போவில் பிறந்து கோலாலம்பூரில் ஓவியம் படித்தவள். பழைய தோட்டத்துப் பிலிம்களைக் கம்ப்யூட்டரில் ஏற்றி, வெட்டி ஒட்டி, ஒரு சுவர் முழுக்க ஓடவிடுகிறாளாம். கைத்தொலைபேசியில் கொஞ்சம் காட்டினாள். ரப்பர் பால் வாளி சுமந்த பெண்கள் ஒருத்திக்குள் ஒருத்தியாகக் கரைந்து போய்க்கொண்டே இருந்தார்கள். அழகாகத்தான் இருந்தது.

"ஆண்டி, இதையெல்லாம் அந்தக் காலத்துல நீங்க கையாலயே செஞ்சீங்களாமே. எப்படின்னு சொல்லுங்களேன்" என்று கேட்டாள். வேலையைப் பற்றிப் பேசுவது எனக்கு எப்போதும் பிடிக்கும். நிறையச் சொன்னேன். கிளம்பும்போது, வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டே, போகிறபோக்கில் இன்னொன்றும் கேட்டாள்.

"படத்துல இருக்கிறவங்ககிட்ட அப்பல்லாம் கேட்டுட்டுத்தான் போடுவீங்களா ஆண்டி?"

"மழை வர்ற மாதிரி இருக்கு, பாத்துப் போம்மா" என்று சொல்லிக் கதவைச் சாத்திவிட்டேன்.

அவளுக்கு வாயால் சொல்ல முடியாததை எழுதிக் கொடுத்துவிடலாம் என்று இப்போது உட்கார்ந்திருக்கிறேன்.

என் பெயர் பிலோமினா. மினா என்று கூப்பிடுவார்கள். ஆயர் தாவார் பக்கத்தில் ஒரு கித்தாத் தோட்டத்தில் ரப்பர் பால் வெட்டுகிறவர்களுக்கு மகளாகப் பிறந்தவள். எழுபதுகளின் தொடக்கத்தில் ஈப்போவுக்கு வந்து ஒரு சீனரின் போட்டோக் கடையில் சேர்ந்தேன். முதலில் கூட்டிப் பெருக்கினேன். பிறகு மருந்துத் தட்டுகளைக் கழுவினேன். பிறகு அடையாள அட்டைப் படங்களில் முகப்பரு அழித்தேன். கடை முதலாளி தவுக்கே அதிகம் பேசமாட்டார். நான் மோசமாக அச்சிட்ட படத்தை என் முன்னாலேயே கிழித்துப் போட்டுவிட்டு அடுத்த வேலைக்குப் போய்விடுவார். அப்படியே இருட்டறை வேலை என் கைக்கு வந்தது. கல்யாணமாகிப் பிள்ளை பிறந்த பிறகும் அதை விடவில்லை.

கமால் மாஸ்டரை அந்தக் கடையில்தான் முதலில் பார்த்தேன். ஓர் இடைநிலைப்பள்ளியில் ஓவிய ஆசிரியர். அவருடைய அத்தா பழைய டவுனில் நாசி கண்டார் சோற்றுக் கடை வைத்திருந்தார். கடைக்கு மேல்மாடியில் மாஸ்டர் ஒரு வேலைக்கூடம் அமைத்து, என்னை அங்கே கூட்டிக்கொண்டார். கீழே மீன் தலைக் கறி கொதிக்கும். மேலே கெட்டுப்போன பிலிமின் காடி வாசம் நிற்கும். இரண்டும் கலந்த வாடை என் தலைமுடியில் பல வருடங்கள் இருந்தது.

அது துரைமார் காலத்துத் தோட்டங்கள் கைமாறிக்கொண்டிருந்த சமயம். பங்களாக்களைக் காலி செய்து வெளியே போட்ட சாமான்கள் பழைய இரும்புக் கடைகளுக்குப் போயின. அப்படி ஒரு கடையில் மாஸ்டருக்கு ஒரு மரப்பெட்டி கிடைத்தது. உள்ளே தகர டப்பாக்களில் பதினாறு மில்லிமீட்டர் பிலிம் சுருள்கள். ஏதோ ஒரு துரை ஐம்பதுகளில் தன் சொந்தக் கேமராவில் எடுத்த படங்கள். டப்பாக்களில் தோட்டத்தின் பெயர் இல்லை. கித்தா மரங்கள் எந்தத் தோட்டத்திலும் ஒரே மாதிரிதான் நிற்கும், அதனால் எந்த ஊர் என்று நான் யோசிக்கவும் இல்லை.

"இதை ஓட்டிக் காட்டுனா ஜனங்க சிரிச்சுட்டுப் போயிடுவாங்க மினா. நிறுத்தணும். ஒரு வினாடியைப் புடிச்சு ஆளுயரத்துக்கு நிறுத்தணும். அப்பத்தான் நின்னு பாப்பாங்க" என்றார் மாஸ்டர். அதுதான் அவருடைய கலை. பழைய பிலிமிலிருந்து ஒரு துண்டைப் பிரித்தெடுத்து, கதவு அளவுக்குப் பெரிதாக்கி, தேயிலைச் சாயத்தில் நனைத்து, பஞ்சால் வண்ணம் ஒற்றி, சுவரில் வரிசையாக மாட்டுவார். அந்தக் காலத்தில் ஈப்போவில் அப்படி யாரும் செய்து நான் பார்த்ததில்லை.

வேலை இப்படி நடக்கும். முதலில் சுருளை முகர்ந்து பார்க்க வேண்டும். காடி வாசம் அதிகமானால் பிலிம் சுருங்கி வளைந்திருக்கும், சக்கரத்தில் ஏற்றினால் பல் கிழித்துவிடும். அதனால் கையால்தான் சுற்றுவோம். வெல்வெட் துணியை ஸ்பிரிட்டில் லேசாக நனைத்து, இரண்டு விரலுக்கு நடுவே வைத்து, பிலிமை அதன் ஊடாக இழுத்துத் துடைக்க வேண்டும். நின்றுவிட்டால் அந்த இடத்தில் கறை விழும். வெளிச்சப் பெட்டி மேல் வைத்து, பூதக் கண்ணாடியால் பார்த்து, மாஸ்டர் கை காட்டுகிற இடத்தில் நான் ஓரத்தில் நூல் கட்டுவேன். வீட்டுப் படங்களில் நெகட்டிவ் கிடையாது. பிலிமிலேயே உருவம் கறுப்பு வெள்ளை மாறாமல் நேராக இருக்கும். ஆகவே முதலில் அதை இன்னொரு பிலிமில் நகல் எடுத்து நெகட்டிவாக மாற்றி, பிறகு அதைப் படம் பெரிதாக்கும் என்லார்ஜரில் ஏற்றுவோம். என்லார்ஜரின் தலையைப் படுக்கையாகத் திருப்பினால் வெளிச்சம் எதிர்ச் சுவரில் விழும். சுவரில் தாளை ஊசி குத்தி விரிப்போம். மருந்தில் முக்க அவ்வளவு பெரிய தட்டு ஏது? பலகையால் நீளத் தொட்டி செய்து, பிளாஸ்டிக் விரித்து, தாளை இந்தப் பக்கமிருந்து அந்தப் பக்கமாகச் சுருட்டிச் சுருட்டி நனைக்க வேண்டும். ஒரு நொடி தயங்கினால் வரி வரியாகிவிடும்.

மாஸ்டர் முழுக்கைச் சட்டையை மடக்காமல் வேலை செய்வார். பருத்திக் கையுறை இல்லாமல் பிலிமைத் தொடவே மாட்டார். கோபம் வந்தாலும் குரல் உயராது. ஈரப் படத்தைக் கயிற்றில் மாட்டிவிட்டுக் கொஞ்சம் பின்னால் போய் நிற்பார். தலையை ஒரு பக்கம் சாய்ப்பார். "மறுபடி" என்பார், அவ்வளவுதான். அந்த ஒரு சொல்லுக்கு நான் பயந்தேன், அதே சொல்லுக்காகத்தான் அவரிடம் இருந்தேன். என் வேலையை அவ்வளவு உற்றுப் பார்த்தவர் வேறு யாரும் இல்லை.

அந்தப் பெட்டியிலிருந்த சுருள்களில் துரையின் நாய் இருந்தது, கிளப்பில் டென்னிஸ் இருந்தது, லுமுட் கடற்கரை இருந்தது. அவற்றுக்கு நடுவே ஒரு பெண் திரும்பத் திரும்ப வந்தாள். காலையில் பேர் கூப்பிடும் பெரட்டுக்களத்தில் வரிசையில் நிற்கும்போது அவள். மரத்தடியில் குனிந்திருக்கும்போது அவள். ஸ்டோரில் பால் நிறுக்கும்போது, ஓடையில் துணி அலசும்போது, கோயில் திருநாளில் மெழுகுவர்த்தி பிடித்துப் போகும்போது என்று எங்கும் அவள். கேமரா மற்றவர்களைத் தாண்டி அவளைத் தேடிப் போய் நின்றது.

மாஸ்டருக்கு வேறு எதுவும் கண்ணில் படாமல் போயிற்று. "இவளை மட்டும் வெச்சு ஒரு கண்காட்சி மினா. மத்ததெல்லாம் வேணாம்" என்றார். அதற்கு 'தோட்டத்து ராணி' என்று பெயரும் வைத்தார். டவுனில் ஒரு மண்டபமும் ஏற்பாடாகிவிட்டது.

அதில் ஒரு படம் அவருக்கு உயிர். அவள் மரத்தடியிலிருந்து நிமிர்ந்து நேராகக் கேமராவைப் பார்க்கிற படம். கண் சுருங்கி, வாய் ஓரம் கொஞ்சம் இழுபட்டிருக்கும். "இந்தப் பார்வையைப் பாரு. வெள்ளைக்காரன் மேல ஆசை இருக்கு இவளுக்கு. அந்தச் சிரிப்பு போதல. கொஞ்சம் ஏத்து" என்றார்.

சிரிப்பை ஏற்ற ஒரு வழி உண்டு. தாள் மருந்தில் ஊறும்போது, வேண்டிய இடத்தை விரல் சூட்டால் தேய்த்தால் அந்த இடம் மட்டும் சீக்கிரம் கறுக்கும். நான் அவள் வாய் ஓரங்களை ஆள்காட்டி விரலால் தேய்த்தேன். நிழல் ஆழமானது. உதடு மேலே வளைந்தது போல ஆயிற்று. கயிற்றில் மாட்டியதும் மாஸ்டர் பின்னால் போய் நின்று பார்த்தார். "மறுபடி" என்று சொல்லவில்லை. அன்றைக்கு எனக்கு அவ்வளவு பெருமை.

படம் காய்ந்த பிறகு பகல் வெளிச்சத்தில் பார்த்தேன். இடது புருவத்தின் நடுவில் முடி முளைக்காமல் ஒரு கோடு இருந்தது. அவள் இடுப்பில் உட்கார்ந்துகொண்டு அந்தக் கோட்டில் விரல் வைத்துப் பார்த்த ஞாபகம் எனக்கு வந்தது. என் அம்மாவின் தங்கை, லூர்து சின்னம்மா. நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது பாரிட் புந்தாருக்குக் கல்யாணமாகிப் போய், அங்கே பிரசவத்தில் இறந்துவிட்டதாக எங்கள் வீட்டில் சொல்வார்கள். அவளுக்கு ஒரு படம்கூட வீட்டில் கிடையாது.

எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. மாஸ்டரிடம்கூடச் சொல்லவில்லை. முதலில் அம்மாவுக்குக் காட்ட வேண்டும் என்று சின்ன அளவில் ஒன்று அச்சிட்டு, அட்டைக்குள் வைத்து, ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் ஆயர் தாவாருக்குப் பஸ் ஏறினேன்.

எங்கள் தோட்டத்தில் அப்போது கித்தாவை வெட்டி, எண்ணெய் எடுக்கும் செம்பனை போட்டிருந்தார்கள். அப்பா உயிரோடு இல்லை. அம்மா டவுன் ஓரத்தில் தம்பியோடு இருந்தாள். சோற்றுக்கு அரிசி களைந்துகொண்டிருந்தவளிடம், "அம்மா, யாருன்னு சொல்லு பாப்போம்" என்று படத்தை நீட்டினேன்.

அம்மா ஈரக் கையோடு வாங்கினாள். பார்த்தாள். படத்தைத் தரையில் குப்புற வைத்தாள்.

"இது எங்க கெடச்சுச்சு ஒனக்கு?"

"பழைய பிலிம்மா. துரை எடுத்தது. சின்னம்மாதானே?"

"கிழிச்சுப் போடு."

"ஏம்மா? செத்தவங்க படம் ஒன்னுகூட நம்ம வீட்டுல..."

"அவ சாகல."

அரிசித் தண்ணீர் வழிந்து ஓடிக்கொண்டிருந்தது. அம்மா குழாயை மூடவில்லை.

"தஞ்சோங் ரம்புத்தான்ல இருக்கா" என்றாள்.

பேராக் மாநிலத்தில் வளர்ந்த யாருக்கும் அதற்கு மேல் விளக்கம் தேவையில்லை. பள்ளிக்கூடத்தில் ஒருத்தரை ஒருத்தர் கிண்டல் செய்யவே அந்த ஊரின் பெயரைத்தான் சொல்வோம். மனநோய் ஆஸ்பத்திரி இருக்கிற ஊர். நானும் சொல்லியிருக்கிறேன். என் தங்கையை, கோபத்தில், எத்தனையோ தடவை.

அம்மா முகத்தை என் பக்கம் திருப்பாமலே பேசினாள். துரை காலையில் கேமராவோடு வருவானாம். முதலில் எல்லாரையும் எடுத்தான். பிறகு அவளை மட்டும். அவள் வெட்டும் நிரைக்கு, அவள் மரத்துக்கு வந்து நிற்பான். தோட்டத்தில் அவளுக்குச் 'சினிமாக்காரி' என்று பெயர் வைத்தார்கள். பாரிட் புந்தாரிலிருந்து பெண் பார்க்க ஆட்கள் வந்தது உண்மைதான். லயத்து வீடுகளில் யாரோ அவர்கள் காதில் போட்டுவிட்டார்கள், அவர்கள் காப்பியைக்கூடக் குடிக்காமல் எழுந்து போனார்கள். அதற்குப் பிறகு சின்னம்மா வேலைக்குப் போகவில்லை. சாக்கைத் தலையில் போட்டு மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். ஒரு நாள் எழுந்து போய் பங்களாவின் கண்ணாடி ஜன்னல்களை ஒவ்வொன்றாகக் கல்லால் அடித்து உடைத்தாள். ஆஸ்பத்திரி வேன் வந்தது.

"துரை அவங்கள ஏதாச்சும் பண்ணிட்டானாம்மா?"

"எனக்குத் தெரியாது. நான் கேக்கல."

"ஏன் செத்துட்டாங்கன்னு சொன்னீங்க?"

அப்போதுதான் திரும்பினாள். "ஒனக்கும் ஒன் தங்கச்சிக்கும் கல்யாணம் ஆக வேணாமா? குடும்பத்துல பைத்தியம் இருக்குன்னா யாரு வருவா? அப்பாதான் அப்படிச் சொல்லச் சொன்னாரு. நானும் சொன்னேன். சொல்லிச் சொல்லி எனக்கே அப்படித்தான் ஆயிடுச்சு."

என் கணவர், என் வீடு, என் பிள்ளை எல்லாம் அந்தப் பொய்யின் மேல் நிற்பதாக எனக்குத் தோன்றியது. படத்தை எடுத்துக்கொண்டு பஸ்ஸில் திரும்பி வந்தேன். பக்கத்து ஆசனத்தில் இருந்தவர் எட்டிப் பார்த்தபோது அட்டையை மூடிக்கொண்டேன்.

மறுநாள் மாடிக்குப் போனால், கயிற்றில் அவள் வரிசையாகத் தொங்கிக்கொண்டிருந்தாள். ஆளுயரத்தில். அவ்வளவு நாள் அழகாக இருந்த அறை அது. நான் கழுவி, வளர்த்து, காயப்போட்ட முகங்கள். துரை எங்கெல்லாம் அவளைத் தொடர்ந்து போனானோ அங்கெல்லாம் நானும் பூதக் கண்ணாடியோடு போயிருக்கிறேன். ஓடையில் அவள் புடவையைத் தூக்கிச் செருகியிருந்த படத்துக்கு நான்தான் வெளிச்சம் கூட்டினேன்.

மாஸ்டரிடம் சொன்னேன். அவர் கையுறை போட்டுக்கொண்டிருந்தார். ஒன்றைக் கழற்றினார். மற்றதைக் கழற்றவில்லை.

"நான் உங்கிட்ட என்னென்னமோ சொன்னேனே மினா. அந்தப் பார்வையப் பத்தி."

"சொன்னீங்க மாஸ்டர்."

"ஒங்க சின்னம்மாவப் பத்தி."

கீழே கடையில் யாரோ மீ கோரெங்குக்குச் சத்தம் போட்டுச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். மாஸ்டரின் காது சிவந்திருந்தது. அவர் வெட்கப்பட்டு நான் பார்த்தது அன்றைக்குத்தான். நிறைய அழைப்பிதழ்கள் போயிருந்தன. எனக்கு ஒரு பயம், விஷயத்தை அப்படியே மறைத்துவிட்டு நடத்தலாம் என்று சொல்வாரோ என்று. இன்னொரு பயம், அப்படிச் சொல்லாமல் கண்காட்சியையே விட்டுவிடுவாரோ என்று. அவர் மாட்டியிருந்த படங்களை ஒவ்வொன்றாக இறக்கி, முகம் சுவர்ப் பக்கம் இருக்கும்படி சாய்த்து வைத்தார்.

"அவங்களப் போயிப் பாப்போம். வேணாம்னு சொன்னா எல்லாத்தையும் அவங்க கையிலயே குடுத்துருவோம்" என்றார்.

தஞ்சோங் ரம்புத்தான் ஈப்போவிலிருந்து தூரமே இல்லை. அதை நினைத்தால் இன்றைக்கும் எனக்குத் தலை குனிகிறது. அவ்வளவு வருடங்கள், அவ்வளவு பக்கத்தில். மாஸ்டரின் காரில் போனோம். மரங்கள், புல்வெளி, நீள நீளமாகக் கட்டடங்கள். வார்டு நர்ஸான ஒரு தமிழ் சிஸ்டர், சின்னம்மாவின் பெயரைக் கேட்டதும் மலர்ந்துவிட்டார்.

"லூர்துவா? வாங்க, வாங்க. கூட்டிட்டுப் போகத்தானே வந்திருக்கீங்க?"

நாங்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம்.

"அவங்களுக்கு இப்ப ஒன்னும் இல்ல லா. ரொம்ப வருஷமாவே ஒன்னும் இல்ல. போகலாம்னு டாக்டர் எப்பவோ சொல்லிட்டாரு. வீட்டுலேர்ந்துதான் ஆளு வரல" என்றார் சிஸ்டர். குற்றம் சொல்கிற குரல் இல்லை. மழை வரவில்லை என்று சொல்வதுபோலச் சொன்னார். அதனால்தான் என்னால் தாங்க முடியவில்லை.

சின்னம்மா துணி துவைக்கும் பகுதியில் வேலை செய்துகொண்டிருந்தாள். முடி நரைத்து, குட்டையாக வெட்டியிருந்தார்கள். புருவத்தில் அந்தக் கோடு அப்படியே இருந்தது. நான் யார் என்று சொன்னேன்.

"ஆரோக்கியம் மவளா? மினாவா?" என்று என்னை மேலும் கீழும் பார்த்தாள். "ரொம்ப அழுவியே நீ. எறக்கி விட்டா அழுவே." பிறகு, "அக்கா இருக்கா?" என்றாள்.

"இருக்காங்க சின்னம்மா."

"நல்லது."

ஏன் வரவில்லை என்று கேட்பாள் என்று பயந்துகொண்டிருந்தேன். கேட்கவில்லை. வெளியே ஒரு பெஞ்சில் உட்கார்ந்தோம். மாஸ்டர் அட்டைகளைத் திறந்து படங்களை ஒவ்வொன்றாகக் காட்டினார். அவள் நிதானமாகப் பார்த்தாள். யார் வீட்டுக் கல்யாணப் படத்தையோ பார்ப்பது போல. மரத்தடியில் நிமிர்ந்து பார்க்கும் அந்தப் படம் வந்ததும் நிறுத்தினாள்.

"நான் சிரிக்கலையே" என்றாள்.

மாஸ்டர் என்னைப் பார்த்தார்.

"வெயிலு. கண்ணு கூசுச்சு. கிழக்க பாத்து நிக்கச் சொன்னான். நான் எங்க சிரிச்சேன்?" என்று படத்தைத் தூர வைத்துப் பார்த்தாள், கிட்ட வைத்துப் பார்த்தாள். வாய் ஓரத்தை நகத்தால் லேசாகச் சுரண்டினாள்.

நான் என் ஆள்காட்டி விரலை உள்ளங்கைக்குள் மடக்கிக்கொண்டேன்.

"நான்தான் சின்னம்மா. நான் தேய்ச்சுத்தான் அப்படி வந்துச்சு" என்றேன். அவளுக்கு அது புரிந்ததோ இல்லையோ, தலையாட்டினாள்.

எல்லாம் பார்த்து முடித்ததும் மாஸ்டரிடம் கேட்டாள்: "எல்லாத்துலயும் நானே இருக்கேன். புடிச்சவன் எங்க?"

"அவரு கேமராவுக்குப் பின்னால நின்னாருமா. படத்துல வரமாட்டாரு."

"எதுலயுமே வரல?"

மாஸ்டர் தொண்டையைச் செருமினார். "ஒன்னுல நெழலு விழுந்திருக்கு. தொப்பியோட. நான் அந்தப் பக்கத்த வெட்டிட்டேன்."

"ஏன் வெட்டுனீங்க?"

"படத்தக் கெடுக்குதுன்னு நெனச்சேன்."

"அதப் போடுங்க. மத்தது ஒன்னும் வேணாம். என்னத் தனியா நிக்க வெக்காதீங்க" என்றாள் சின்னம்மா. பிறகு துணி ஊறுகிறது என்று எழுந்து போய்விட்டாள்.

அந்தப் படத்தை அச்சிட்டதுதான் என் வேலைக் காலத்திலேயே கடினமான வேலை. அது சுருளின் கடைசியில் இருந்தது. பிலிம் வாழைப்பட்டை மாதிரி வளைந்துபோயிருந்தது. இரண்டு கண்ணாடிக்கு நடுவே வைத்து நகல் எடுத்தால் வானவில் வளையங்கள் விழுந்தன. கண்ணாடியை எடுத்துவிட்டால் ஒரு பக்கம் தெளிவாகி மறுபக்கம் மங்கியது. மாஸ்டர் தாம் வெட்டிய விளிம்பிலிருந்து மறுவிளிம்பு வரை முழுச் சட்டமும் வேண்டும் என்று நின்றார். நகலைப் பகுதி பகுதியாக எடுத்து, தாளையும் பகுதி பகுதியாக ஒளி காட்டி, நடுவில் கோடு விழாமல் அட்டையை ஆட்டிக்கொண்டே அச்சிட்டோம். எத்தனையோ தாள் வீணாயிற்று. இந்தத் தடவை மாஸ்டர் "மறுபடி" என்று சொல்லவில்லை. நான்தான் சொன்னேன்.

கடைசியில் சரியாக வந்த தாளை மருந்தில் சுருட்டும்போது முதலில் அவள் எழுந்தாள். கையால் முகத்தைப் பாதி மறைத்தபடி. அவள் காலடி வரைக்கும் நீண்டு கிடந்த நிழல் அடுத்து எழுந்தது. தொப்பி, முழங்கை, கையில் தூக்கிப் பிடித்த பெட்டி. பிறகு, மாஸ்டர் நிழலோடு சேர்த்து வெட்டியிருந்த ஓரத்தில், அடுத்த மரத்தில் இன்னொரு பெண் தெரிந்தாள். வெட்டுக் கத்தி மரத்தில் இருந்தது. முகம் முழுக்க மறுபக்கம் திரும்பியிருந்தது. கழுத்தையும் தோளையும் பார்த்ததுமே எனக்குத் தெரிந்துவிட்டது. அது என் அம்மா.

கண்காட்சி குறித்த நாளில் நடந்தது. 'தோட்டத்து ராணி' என்ற பெயரை மாஸ்டர் எடுத்துவிட்டார். அவ்வளவு பெரிய மண்டபத்தில் ஒரே ஒரு படம். வந்தவர்களுக்கு ஏமாற்றம். "மாஸ்டருக்கு நேரம் போதல போல" என்று பேசிக்கொண்டார்கள். ஆனால் முன்னால் போய் நின்றவர்கள் சட்டென்று திரும்பவில்லை. நிழல் படத்தின் கீழ் விளிம்பிலிருந்து தொடங்கியது. பார்க்கிறவர்கள் நிற்கிற இடத்திலிருந்தே அது நீண்டு போவதுபோல இருந்தது. சிலர் தங்கள் காலடியைக் குனிந்து பார்த்துவிட்டு நகர்ந்து நின்றார்கள்.

சிஸ்டர் சின்னம்மாவைக் கூட்டி வந்தார். நான் வாங்கிக் கொடுத்த நீலப் புடவை கட்டியிருந்தாள். படத்தின் முன்னால் நின்று, தலை முதல் கால் வரை பார்த்துவிட்டு, "இப்ப சரி" என்றாள். அதற்குள் ஓர் ஆள் படத்தையும் அவளையும் மாறி மாறிப் பார்க்கத் தொடங்கியிருந்தார். அவள் வெளியே நடந்தாள்.

வெளி வராந்தாவில் பெஞ்சில் என் அம்மா உட்கார்ந்திருந்தாள். வரமாட்டேன் என்று சொல்லியிருந்தவள். விடிகாலைப் பஸ்ஸில் தனியாக வந்து, உள்ளே நுழையாமல், மடியில் பையை வைத்துக்கொண்டு அப்படியே இருந்திருக்கிறாள். சின்னம்மா போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தாள். நான் கதவோரம் நின்றேன். போய்ச் சேர்ந்துகொள்ளவும் முடியவில்லை, உள்ளே போய்விடவும் முடியவில்லை.

"சாப்டியாக்கா?" என்றாள் சின்னம்மா.

அம்மா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். பிறகு அதை எடுத்துவிட்டுச் சொன்னாள்.

"அவன் வந்தத நான் பாத்தேன் லூர்து. பாத்துட்டுத்தான் திரும்பிக்கிட்டேன்."

"தெரியும்" என்றாள் சின்னம்மா. "அன்னைக்கி ஒன் மரத்துல வெட்டு கோணலாப் போயிருந்துச்சு. கங்காணி ஏசுனான்."

இரண்டு பேரும் வீதியைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். அம்மா பையைத் திறந்து, வாழையிலையில் கட்டி எடுத்து வந்த சோற்றை எடுத்தாள். இரண்டு பொட்டலம் இருந்தது.

அந்த ஆண்டே சின்னம்மா எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டாள். கணவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் கொஞ்ச நாள் முகம் கொடுத்துப் பேசவில்லை. பிறகு சின்னம்மாவின் கட்டிலுக்குத் தானே கொசுவலை கட்டினார். மாஸ்டர் அந்தப் படத்தைச் சின்னம்மாவிடமே கொடுத்துவிட்டார். மற்ற அச்சுகளை எல்லாம் அவள் முன்னால் வைத்துக் கிழித்தோம். கிழிக்கும்போது எங்களைவிட அவள்தான் நன்றாகக் கிழித்தாள். அதற்குப் பிறகும் மாஸ்டர் பழைய பிலிமில் வேலை செய்தார். ஆனால் படத்தில் இருப்பவர்களைத் தேடிக்கொண்டு பழைய தோட்டங்களுக்கு ஞாயிறுதோறும் கார் எடுத்துப் போவோம். பாதிப் பேர் கிடைக்கமாட்டார்கள். கிடைக்காதவர்களின் படத்தை மாட்டமாட்டோம். அதனால் அவர் பெரிய கலைஞராக வரவில்லை. யாரிடமும் அதற்குக் காரணமும் சொன்னதில்லை.

அந்தப் பெண்ணுக்கு இதுவரை எழுதினால் போதும் என்று நினைத்தேன். போதாது. இன்னும் ஒன்று இருக்கிறது.

சின்னம்மா வந்த புதிதில், பக்கத்து வீட்டு அம்மாள் ஒரு மாலை வேலியோரம் வந்து நின்றாள். நல்லவள்தான், கொஞ்சம் வாயாடி. சின்னம்மா முற்றத்தில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள்.

"யாருங்கக்கா இது? புதுசா இருக்கு?" என்று என்னைக் கேட்டாள்.

"எங்க சின்னம்மா" என்றேன். அது வரைக்கும் சொல்லிவிட்டேன்.

"அப்படியா? இத்தனை நாளு எங்க இருந்தாங்க?"

பாரிட் புந்தார் என்ற சொல் என் நாக்கு வரைக்கும் வந்துவிட்டது. அவ்வளவு அழுது, அவ்வளவு தாள் கிழித்து, அவ்வளவும் தெரிந்த பிறகும் அந்தப் பொய் என் வாயில் தயாராக இருந்தது.

சின்னம்மா புடவையை உதறிக் கயிற்றில் போட்டாள். "தஞ்சோங் ரம்புத்தான்ல இருந்தேம்மா. ஆஸ்பத்திரில. துணி தொவைக்கிற எடத்துல வேலை" என்றாள்.

பக்கத்து வீட்டு அம்மாள் என் முகத்தைப் பார்த்தாள். எனக்குக் காதெல்லாம் பற்றி எரிந்தது. "அடுப்புல பால் வெச்சிருக்கேன்" என்று சொல்லிவிட்டு உள்ளே போனேன். அடுப்பில் ஒன்றும் இல்லை.

ஜன்னல் வழியாக அவர்கள் பேசுவது கேட்டது. அங்கே சாப்பாடு எப்படி, எத்தனை பேர் வேலை என்று அந்த அம்மாள் கேட்டுக்கொண்டிருந்தாள். சின்னம்மா பொறுமையாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். பிறகு என்னைக் கூப்பிட்டாள்.

"மினா, இந்தம்மாவுக்கும் சேத்துத் தேத்தண்ணி போடு."

தண்ணீர் கொதித்தது. மூன்று கிளாஸ் எடுத்து ஊற்றினேன். தட்டில் வைத்துக் கையில் தூக்கிக்கொண்டு நின்றேன். வெளியே போக எனக்குக் கொஞ்ச நேரம் ஆயிற்று.